பிரையன்ட் பூங்காவின் சாவி

நியூயார்க்கின் 42ஆம் தெருவில், பொது நூலகத்தின் பின்புறம், ஏறத்தாழ ஒரு ஏக்கர் புல்வெளி இருக்கிறது. புல்லுக்கு அடியில் மண் சில அடிகள்தான். அதற்கும் கீழே இரண்டு தளங்களில் புத்தகங்கள் அடுக்கப்பட்டிருக்கின்றன. மேலே அலுவலகக்காரர்கள் மதிய உணவுப் பொட்டலத்தைப் பிரித்துக்கொண்டிருக்கும்போது, கீழே 24 சிறு வண்டிகள் தண்டவாளத்தில் புத்தகங்களை ஏற்றிக்கொண்டு நூலகக் கட்டடத்துக்குப் போகின்றன. பிரையன்ட் பூங்கா என்று பெயர். பாழான பூங்காவை மீட்பது எப்படி என்ற பாடத்துக்கு நகரத் திட்டமிடுவோர் முதலில் எடுத்துக்காட்டுவது இதைத்தான். பொதுச் சொத்து சத்தமில்லாமல் கைமாறுவது எப்படி என்பதற்குச் சமூகவியலாளர்கள் எடுத்துக்காட்டுவதும் இதே பூங்காவைத்தான். ஒரே இடத்தைப் பார்த்த இரு தரப்பும் நேர் எதிரான முடிவுகளுக்கு எப்படி வந்தன? என் சாய்வை இங்கேயே சொல்லிவிடுகிறேன். இரு தரப்பு சொல்வதிலும் உண்மை இருக்கிறது. ஆனால் இருவருமே இரண்டு வேலைகளை ஒன்றாகப் போட்டுக் குழப்புகிறார்கள். பூங்காவைக் கூட்டிப் பெருக்குவது ஒரு வேலை. அதன் சாவியை வைத்திருப்பது வேறு வேலை.

அந்த மனையின் பழங்கதை நீளமானது. 1823 முதல் 1840 வரை அது ஏழைகளையும் ஆதரவற்றவர்களையும் புதைக்கும் இடுகாடு. 1842இல் அதன் கிழக்குப் பாதியில் குரோட்டன் நீர்த்தேக்கம் எழுந்தது. 50 அடி உயரமும் 25 அடி கனமும் கொண்ட கற்சுவர்களுக்கு நடுவே நகரத்தின் குடிநீரைத் தேக்கினார்கள். சுவரின் உச்சியில் நடைபாதை இருந்ததால் மாலைக்காற்று வாங்க மக்கள் அங்கே ஏறினார்கள். மேற்குப் பாதியில் 1853இல், லண்டனைப் பார்த்து, இரும்பும் கண்ணாடியுமாக ஒரு பளிங்கு மாளிகை கட்டி உலகத் தொழிற்கண்காட்சி நடத்தினார்கள். மறு ஆண்டில் எலிஷா ஓடிஸ், கயிறு அறுந்தாலும் கீழே விழாத தன் லிஃப்டை அங்கேதான் தானே ஏறி நின்று செய்துகாட்டினார். இன்று பூங்காவைச் சுற்றி ஐம்பது மாடிகள் எழுந்து நிற்பதும், மதியம் ஒரு மணிக்கு அவற்றிலிருந்து ஆயிரக்கணக்கானோர் இறங்கி வருவதும் அந்தக் கருவியால்தான். மாளிகை 1858இல் தீப்பிடித்துச் சில நிமிடங்களில் சரிந்தது. உள்நாட்டுப் போர்க் காலத்தில் அந்த வெளியில் படைவீரர்கள் பயிற்சி செய்தார்கள். 1863 ஜூலையில் கட்டாய ஆள்சேர்ப்பை எதிர்த்து வெடித்த கலவரத்தில், அங்கிருந்து கூப்பிடு தூரத்தில் ஐந்தாவது அவென்யூவில் இருந்த கறுப்பினக் குழந்தைகளின் அனாதை இல்லத்தை வெறிக்கூட்டம் கொளுத்தியது. நகரத்தின் நடுவில் இருக்கும் வெளி நகரத்தின் சுபாவத்தையெல்லாம் வாங்கிக்கொள்ளும்.

1884இல் சூட்டிய பெயர் பொருத்தமானது. வில்லியம் கல்லன் பிரையன்ட் கவிஞர், அடிமை முறையை எதிர்த்தவர், 'ஈவ்னிங் போஸ்ட்' நாளிதழின் ஆசிரியர். மன்ஹாட்டன் முழுவதும் கட்டடங்களால் நிரம்பும் முன் மக்களுக்காக ஒரு பெரிய பூங்காவை ஒதுக்கிவையுங்கள் என்று 1844இலேயே தன் பத்திரிகையில் எழுதியவர். சென்ட்ரல் பார்க் பிறந்ததில் அந்தக் குரலுக்கும் பங்குண்டு. பூங்கா என்பது நகரம் தன் குடிகளுக்குக் கொடுக்கவேண்டிய கடன், செல்வர் இடும் பிச்சை அன்று என்பது அவர் கட்சி. அவர் பெயர் தாங்கிய பூங்காவின் பிற்காலத்தைப் பார்க்கும்போது இதை நினைவில் வைத்துக்கொள்வது நல்லது.

நீர்த்தேக்கத்தை இடித்த இடத்தில் 1911இல் பொது நூலகம் திறந்தது. பூங்காவுக்கு மட்டும் நல்ல காலம் வரவில்லை. ஆறாவது அவென்யூவின் மேல் இரும்புத் தூண்களில் ஓடிய ரயில் தன் இரைச்சலைப் பூங்காவின் மேற்கு ஓரத்தில் கொட்டியது. சுரங்க ரயில் வேலைக்காகப் பூங்காவையே தோண்டிப் போட்டார்கள். பெருமந்தக் காலத்தில் வேலையிழந்த கட்டடக் கலைஞர்களுக்கென்று ஒரு வடிவமைப்புப் போட்டி நடந்தது. குவீன்ஸ் பகுதியைச் சேர்ந்த லஸ்பி சிம்ப்சன் அதில் வென்றார். புதிதாகப் பூங்கா ஆணையர் பதவிக்கு வந்திருந்த ராபர்ட் மோசஸ் 1934இல் அந்தத் திட்டத்தை நிறைவேற்றினார். பூங்காவைத் தெருவிலிருந்து நாலடி உயர்த்தினார்கள். சுற்றிலும் கற்கைப்பிடிச் சுவர், இரும்பு வேலி, அடர்ந்த செடிவேலி. வாசல்கள் சில மட்டுமே. நடுவில் பிரெஞ்சுத் தோட்ட பாணியில் நீண்ட புல்வெளி, இருபுறமும் வரிசையாக மரங்கள். இரைச்சலிலிருந்து தப்பி உள்ளே வருபவருக்குத் தெருவே தெரியக்கூடாது என்பது அதன் தத்துவம். அன்றைக்கு அது நியாயமான தத்துவம்தான். ஆனால் 1938 முடிவில் அந்த ரயில் நின்றது, மறு ஆண்டு இரும்புத் தூண்களையும் பிடுங்கிவிட்டார்கள். எதை மறைக்கச் சுவர் எழுந்ததோ அது நாலே ஆண்டில் போய்விட்டது. சுவர் மட்டும் அரை நூற்றாண்டு நின்றது.

அந்தக் காலத்தில் நடந்த ஒரு நல்ல காரியத்தைச் சொல்லாமல் கடக்க மனமில்லை. 1935இல் நூலகம் தன் புத்தகங்களில் சிலவற்றைத் தூக்கிக்கொண்டு பூங்காவுக்குள் வந்தது. மரத்தடியில் அலமாரிகள், பெஞ்சுகள், பதிப்பாளர்கள் கொடுத்த பத்திரிகைகள். உட்கார்ந்து படிக்கப் பணம் வேண்டாம், உறுப்பினர் அட்டை வேண்டாம், முகவரிகூட வேண்டாம். வேலையில்லாமல், பலருக்கு வீடும் இல்லாமல் இருந்த காலத்தில் முகவரி கேட்காதது பெரிய விஷயம். படிக்க வந்தவர்களில் பலர் கோட்டு சூட்டு போட்ட, நேற்றுவரை சம்பளம் வாங்கிய ஆட்கள். இரண்டாம் உலகப் போரில் ஆள் பற்றாக்குறையால் 1944இல் அது நின்றுபோனது. பொது இடம் என்ற சொல்லுக்கு நியூயார்க் தந்த விளக்கங்களில் இதைவிடச் சுருக்கமான ஒன்றை நான் அறியேன். அதை நடத்தியது ஒரு பொது நூலகம் என்பதும் கவனிக்கவேண்டியது. வேலி இருந்தாலும், உள்ளே யாராவது பொறுப்பாக ஒரு காரியத்தைச் செய்துகொண்டிருந்தவரை பூங்கா உயிரோடு இருந்தது.

போருக்குப் பிறகு சரிவு மெல்ல வந்தது. தெருவிலிருந்து பார்த்தால் உள்ளே என்ன நடக்கிறதென்று தெரியாது. உள்ளே போனால் வெளியேற வழி குறைவு. ஒதுங்கி இருப்பவர்களுக்கு வசதியான எல்லா அம்சங்களும் அங்கே இருந்தன. 1970களில் போதைப்பொருள் விற்பவர்கள் வாசற்படிகளிலேயே நின்றார்கள். 1974இல் அரசு அதைப் பாதுகாக்கப்பட்ட நிலக்காட்சிச் சின்னமாக அறிவித்தது. அதனால் ஒரு விளக்குமாறுகூட அதிகமாகக் கிடைக்கவில்லை. 1975இல் நியூயார்க் மாநகராட்சி திவாலாகும் விளிம்புக்குப் போனது. ஆட்குறைப்பில் முதலில் அடிபட்ட துறைகளில் பூங்காத் துறையும் ஒன்று. புல் வெட்ட ஆளில்லை, குப்பை அள்ள ஆளில்லை, விளக்கு எரியவில்லை. குற்றம் முதலில் வந்து பராமரிப்பு போனதா, பராமரிப்பு போய்க் குற்றம் வந்ததா என்று இன்றும் வாதிடுகிறார்கள். இரண்டும் ஒன்றையொன்று இழுத்துக்கொண்டு போயின என்பதே என் கணிப்பு.

இந்தக் கட்டத்தில்தான் வில்லியம் ஒயிட் கதைக்குள் வருகிறார். 'ஃபார்ச்சூன்' இதழில் எழுதிக்கொண்டிருந்த பத்திரிகையாளர். கட்டடக் கலையோ நகரத் திட்டமிடலோ படித்தவர் இல்லை. அவரிடம் இருந்தது அசாத்தியமான பொறுமையும் ஒரு திரைப்படக் கேமராவும். 1970களின் தொடக்கத்தில் மாணவர்கள் சிலரைச் சேர்த்துக்கொண்டு மன்ஹாட்டனின் சிறு வெளிகளைக் கவனிக்கத் தொடங்கினார். கட்டட உச்சியில் கேமராவை வைத்துச் சில விநாடிகளுக்கு ஒரு படமாக நாள் முழுக்க எடுப்பது, கீழே நின்று யார் எங்கே எவ்வளவு நேரம் உட்காருகிறார்கள் என்று வரைபடத்தில் குறிப்பது. அவ்வளவுதான் முறை. அதில் அவர் கண்டவை இன்று பாட்டி சொல்லும் உண்மை போலத் தோன்றும், அன்று யாரும் சொல்லியிருக்கவில்லை. உட்கார இடமிருக்கும் இடத்தில் மக்கள் உட்காருகிறார்கள். தனிமை வேண்டும் என்று சொல்பவர்கள்கூடக் கூட்டம் இருக்கும் பக்கம்தான் போகிறார்கள். தெருவோடு பேசும் வெளி நிறைகிறது, தெருவிலிருந்து மேலேயோ கீழேயோ விலகிய வெளி காலியாகிறது. ஒரு வெளியில் பெண்களின் விகிதம் குறைந்தால் அங்கே ஏதோ சரியில்லை, ஏனென்றால் உட்காரும் இடத்தைப் பெண்கள் அதிகம் பார்த்துத்தான் தேர்ந்தெடுக்கிறார்கள். இந்தக் கவனிப்புகளையெல்லாம் திரட்டி 1980இல் அவர் எழுதிய சிறு புத்தகம் இத்துறையின் பால பாடமாகிவிட்டது.

அதற்கு முந்திய ஆண்டு, ராக்ஃபெல்லர் சகோதரர்கள் நிதியம் கேட்டுக்கொண்டபடி அவர் பிரையன்ட் பூங்காவைப் பற்றி ஓர் அறிக்கை தந்தார். காவலர்களைக் கூட்டுங்கள் என்று அவர் சொல்லவில்லை. போதை வியாபாரிகள் நோயின் அறிகுறி மட்டுமே, நோய் வடிவமைப்பில் இருக்கிறது என்றார். வேலியை எடுங்கள், செடிவேலியை வெட்டுங்கள், வாசல்களைக் கூட்டுங்கள், படிகளை அகலமாக்குங்கள், சாப்பிட ஏதாவது விற்க ஏற்பாடு செய்யுங்கள். வேண்டாதவரை விரட்டுவதற்கு வழி எல்லாரும் விரும்பி வரும் இடமாக ஆக்குவதுதான் என்பது அவர் வாதத்தின் சாரம். இடைச்செருகலாக ஒன்று: அந்தப் பூங்காவில் 1912இல் வைத்த நீரூற்று, ஏழைகளுக்காகப் பாடுபட்ட ஜோசஃபின் ஷா லோவலின் நினைவாக எழுந்தது. நியூயார்க்கில் ஒரு பெண்ணுக்காக எழுப்பிய முதல் பெரிய பொது நினைவுச்சின்னம் என்று அதைச் சொல்வார்கள். அந்த நீரூற்றைத் தாண்டி நடக்கத்தான் 1970களில் பெண்கள் பயந்தார்கள்.

1980இல் பிரையன்ட் பூங்கா மறுசீரமைப்புக் கழகம் என்ற லாப நோக்கற்ற தனியார் அமைப்பு உருவானது. 'டைம்' நிறுவனத்தின் தலைவராக இருந்த ஆண்ட்ரூ ஹெய்ஸ்கெலும் டேனியல் பீடர்மன் என்ற இளம் நிர்வாகியும் அதன் பின்னே இருந்தவர்கள். சுற்றியுள்ள கட்டட உரிமையாளர்கள் வரியைப் போலவே ஒரு கூடுதல் கட்டணம் செலுத்தினார்கள், அந்தப் பணம் அந்த வட்டாரத்துக்கே செலவானது. நூலகத்துக்கும் புத்தகங்களை வைக்க இடம் போதவில்லை. பூங்காவுக்கு அடியில் தோண்டலாம் என்ற யோசனை இரண்டு தேவைகளையும் சேர்த்துவைத்தது. 1988இல் பூங்கா மூடப்பட்டது. நிலக்காட்சிக் கலைஞர் லாரி ஓலின் பழைய சட்டகத்தை உடைக்காமல், அங்கங்கே திறப்புகளை மட்டும் ஏற்படுத்தினார். லிண்டன் மில்லர் பூச்செடிப் பாத்திகளை அமைத்தார். 1992இல் திறந்தபோது மக்கள் தயங்கித் தயங்கி வரவில்லை, முதல் நாளிலிருந்தே திரண்டு வந்தார்கள்.

அப்போது எல்லாரையும் வியக்க வைத்தது நாற்காலி. பிரான்சிலிருந்து வந்த, பச்சை நிற மடக்கு நாற்காலிகள். ஆயிரக்கணக்கில். எதையும் தரையோடு பிணைக்கவில்லை, சங்கிலி போடவில்லை. ஒரு வாரத்தில் எல்லாம் காணாமல் போகும் என்று சொன்னவர்கள் உண்டு. காணாமல் போனவை மிகக் குறைவு. ஒயிட் முன்பே கவனித்திருந்தார்: ஒருவர் நாற்காலியில் உட்காரும் முன் அதைச் சற்றே நகர்த்துகிறார், பல சமயம் எந்தக் காரணமும் இல்லாமல். வெயிலுக்கோ நிழலுக்கோ, நண்பரை நோக்கியோ அந்நியரிடமிருந்து அரையடி விலகியோ, அந்த நகர்த்தலில் இந்த இடம் இப்போதைக்கு என்னுடையது என்ற சிறு உரிமை பிறக்கிறது. நிலைத்து நிற்கும் பெஞ்சு, நீ எந்தப் பக்கம் பார்க்கவேண்டும், யாரோடு எவ்வளவு நெருங்கவேண்டும் என்பதைத் தானே தீர்மானித்துவிடும். வருபவரை நம்பி ஒரு பொருளை அவர் கையில் விடுவது பொது நிர்வாகத்தில் அரிது. அதைப் பிரையன்ட் பூங்கா செய்தது, பலித்தது.

ஆனால் நாற்காலியை மட்டும் பார்த்துவிட்டுத் திரும்பிய நகரங்கள் ஏமாந்தன. நாற்காலியின் பின்னால் நாள் தவறாத உழைப்பு இருக்கிறது. கலைந்தவற்றை ஒழுங்கு செய்வது, உடைந்ததை மாற்றுவது, குப்பைத் தொட்டி வழியும் முன் காலி செய்வது. அங்குள்ள பொதுக் கழிப்பறையில் தினமும் புதுப் பூக்கள் வைக்கிறார்கள், சாஸ்திரிய இசை ஒலிக்கிறது. ஊழியர்கள் கையில் எண்ணும் கருவியோடு நடந்து எத்தனை ஆண்கள், எத்தனை பெண்கள் என்று பதிவு செய்கிறார்கள். ஒயிட்டின் அளவுகோல் இன்றும் கைவிடப்படவில்லை. 2003இல் மரத்தடி வாசிப்பறை மறுபடி வந்தது. சதுரங்கப் பலகைகள், கோடைக்காலத் திரைப்பட மாலைகள், பியானோ. கழகத்தில் பல ஆண்டு பணியாற்றிய ஆண்ட்ரூ மேன்ஷெல் 2020இல் எழுதிய புத்தகத்தில் திரும்பத் திரும்ப வலியுறுத்துவதும் இதைத்தான்: பெரிய வடிவமைப்பைவிடச் சின்னச் சின்னப் பராமரிப்புதான் இடத்தை மாற்றுகிறது. நம் ஊர்களில் பூங்காத் திறப்பு விழாவுக்குக் கிடைக்கும் பணமும் மறுநாள் தோட்டக்காரருக்குக் கிடைக்கும் பணமும் எந்த விகிதத்தில் இருக்கின்றன என்பதை அறிந்தவர்களுக்கு இதைத் தனியாக விளக்கவேண்டியதில்லை.

இதற்கெல்லாம் பணம்? 1990களின் நடுவிலிருந்து மாநகராட்சியின் காசு இல்லாமலே பூங்கா நடக்கிறது. கட்டட உரிமையாளர்களின் கட்டணம் ஒரு பகுதி. நூலகத்தின் பின்சுவரை ஒட்டி 1995இல் வந்த உணவகத்தின் வாடகை இன்னொரு பகுதி. மிச்சம் நிகழ்ச்சிகளும் விளம்பரதாரர்களும். 1993 முதல் 2010 வரை ஆண்டுக்கு இருமுறை ஆடை அலங்கார வாரத்துக்காகப் புல்வெளியின் மேல் கூடாரங்கள் எழுந்தன. அழைப்பிதழ் இல்லாதவர் வெளியே நின்று பார்க்கவேண்டியதுதான். 2005 முதல் குளிர்காலத்தில் பனிச்சறுக்குத் தளம். நுழைவு இலவசம், சொந்தக் காலணி இல்லாதவர் வாடகைக்கு எடுக்கவேண்டும். சுற்றிலும் கண்ணாடிக் கடைகள். ஆண்டில் கணிசமான மாதங்கள் அந்தப் புல்வெளி புல்வெளியாக இருப்பதில்லை. இன்னொரு பக்கம், பூங்காவை ஒட்டிய அலுவலகங்களின் வாடகை அக்கம்பக்கத்தைவிட வேகமாக ஏறியது. 2009இல் பூங்காவின் மூலையிலேயே 55 மாடி பேங்க் ஆஃப் அமெரிக்கா கோபுரம் எழுந்தது. கட்டணம் செலுத்தியவர்கள் தர்மத்துக்காகச் செலுத்தவில்லை. அதில் தவறும் இல்லை, கணக்கு தெரிந்திருந்தால் போதும்.

சமூகவியலாளர் ஷரன் ஜூக்கின் 1995இல் இந்தப் பூங்காவை எடுத்துக்கொண்டு கடுமையாக எழுதினார். தடியால் செய்யமுடியாததைக் காப்பிக் கோப்பை செய்துவிட்டது என்பது அவர் கருத்தின் சுருக்கம். யாரையும் விரட்டவில்லை, விலையுள்ள காப்பி, நன்றாக உடுத்திய கூட்டம், சீருடைக் காவலர் என்ற சூழல் ஒன்றை உருவாக்கிவிட்டால், பொருந்தாதவர் தாமே ஒதுங்கிக்கொள்வார். எல்லாரும் விரும்பும் இடம் என்று ஒயிட் சொன்னதில் அந்த எல்லாரும் யார் என்பதை மதிய நேரத்து அலுவலகக் கூட்டம் தீர்மானித்துவிடுகிறது. கழகத்தார் இதை மறுப்பார்கள். ஆளைப் பார்த்து அல்ல, நடத்தையைப் பார்த்தே விதிகள் என்பார்கள். வீடில்லாதவர் ஒருவர் நாற்காலியில் நாள் முழுக்க உட்கார்ந்திருந்தால் யாரும் எழுப்புவதில்லை என்பார்கள்.

இருவரின் வாதத்தையும் படித்தபின் எனக்குத் தோன்றுவது ஒன்றுண்டு. நாற்காலியின் அத்தனை சுதந்திரத்திலும் ஒன்று குறைகிறது: அதில் படுக்கமுடியாது. பழைய பூங்காவின் நீண்ட பெஞ்சில் படுக்கலாம். புல்வெளியில் பகலில் யாரும் சாயலாம் என்பது உண்மை, ஆனால் இரவில் வாயில் மூடிவிடும். நாற்காலி உட்காரும் மனிதனுக்காகச் செய்தது. போக ஒரு வீடும் திரும்ப ஓர் அலுவலகமும் இருக்கும் மனிதனுக்காக. 1935இல் அதே மரத்தடியில் முகவரி கேட்காத வாசிப்பறைக்கு வந்தவரையும் இன்று வருபவரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் ஜூக்கினின் கோபம் புரியும். அதே சமயம், 1979இல் அந்தப் பூங்காவுக்குள் போகப் பயந்த தட்டச்சுக்காரப் பெண்ணை அவர் கணக்கில் எடுத்துக்கொள்ளவில்லை என்பதும் எனக்கு உறுத்துகிறது. போதை வியாபாரிகள் கையில் இருந்த பூங்காவும் பொதுவானதாக இருக்கவில்லை.

ஆக, உட்காரும் உரிமையைப் பொறுத்தவரை பூங்கா தேறிவிட்டது என்றே சொல்வேன். கூடிப் பேசும் உரிமை வேறு. 1969 அக்டோபர் 15 அன்று வியட்நாம் போருக்கு எதிராக நாடு முழுவதும் வேலையை நிறுத்திய நாளில், பிரையன்ட் பூங்காவில் பெருங்கூட்டம் திரண்டது. அப்போது அது அழுக்கான, யாரும் பொருட்படுத்தாத பூங்கா. இன்று நியூயார்க்கின் எந்தப் பூங்காவிலும் இருபது பேருக்கு மேல் நிகழ்ச்சியாகக் கூடுவதற்கு அனுமதி வாங்கவேண்டும், ஒலிபெருக்கிக்குத் தனி அனுமதி. நாள்காட்டி ஓராண்டுக்கு முன்பே நிரம்பிவிடும் பூங்காவில், திடீரென்று எழும் கோபத்துக்கு எந்தத் தேதியை ஒதுக்குவது?

இதற்கான விடை 2011இல் எதிர்பாராத இடத்திலிருந்து வந்தது. வால் ஸ்ட்ரீட்டை ஆக்கிரமிப்போம் என்று புறப்பட்டவர்கள் செப்டம்பர் 17 அன்று முதலில் போக நினைத்த இடங்களைக் காவல்துறை முன்கூட்டியே அடைத்துவிட்டது. அவர்கள் பக்கத்தில் இருந்த ஜுக்கோட்டி பூங்காவுக்குப் போனார்கள். 33,000 சதுர அடி, கருங்கல் தளம், சில மரங்கள், கல் இருக்கைகள். அது தனியாருக்குச் சொந்தமானது. 1961இல் நியூயார்க் கொண்டுவந்த கட்டட விதிப்படி, தரையில் ஒரு சதுர அடியைப் பொதுமக்களுக்குத் திறந்துவிட்டால் அதற்கு ஈடாகப் பத்து சதுர அடிவரை கூடுதலாக உயரே கட்டிக்கொள்ளலாம். யு.எஸ். ஸ்டீல் நிறுவனம் 1968இல் அப்படிப் பேரம் பேசி, 54 மாடிக் கட்டடத்துக்கு விலையாகக் கொடுத்த வெளி அது. பிற்காலத்தில் ப்ரூக்ஃபீல்ட் என்ற நிறுவனத்தின் கைக்குப் போய், 2006இல் அதன் தலைவர் ஒருவரின் பெயரைப் பெற்றது.

இந்தப் பேர வெளிகளின் தரம் ஊரறிந்தது. ஜெரால்ட் கேடன் என்பவர் 2000இல் வெளியிட்ட ஆய்வில், நகரில் 320 கட்டடங்களோடு ஒட்டிய 503 வெளிகளைக் கணக்கெடுத்து, அவற்றில் 41 விழுக்காடு பொதுமக்களுக்கு ஏறக்குறைய பயனற்றவை என்றார். உயரத்தை வாங்கிக்கொண்டு வெட்டவெளியைக் கொடுத்தார்கள். பெஞ்சு கட்டாயம், மரம் கட்டாயம் என்ற திருத்தங்களே 1975இல்தான், அதுவும் ஒயிட்டின் கேமரா காட்டிய படங்களால் வந்தன. இருந்தும் ஜுக்கோட்டியில் ஒரு வினோதம். மாநகராட்சியின் பூங்காக்களை இரவில் மூடலாம். ஜுக்கோட்டியை மூடமுடியாது, இருபத்துநான்கு மணி நேரமும் திறந்திருக்கவேண்டும் என்பது அந்தப் பழைய பேரத்தின் நிபந்தனை. பொதுப் பூங்காவில் ஓர் இரவுகூடத் தங்கமுடியாதவர்கள், தனியார் பூங்காவில் ஏறத்தாழ இரண்டு மாதம் தங்கினார்கள். ஒலிபெருக்கிக்கு அனுமதி இல்லாததால் ஒருவர் பேசும் வாக்கியத்தைக் கூட்டமே திரும்பச் சொல்லிப் பின்வரிசைக்குக் கடத்தியது. ஒரு மூலையில் நூலகம் எழுந்தது. ஆயிரக்கணக்கான புத்தகங்கள், உறுப்பினர் அட்டை கேட்காமல்.

நவம்பர் 15 அதிகாலை ஒரு மணிவாக்கில் காவல்துறை உள்ளே நுழைந்து எல்லாவற்றையும் அள்ளியது. கூடாரம் போடக்கூடாது, படுக்கக்கூடாது என்று உரிமையாளர் இடையில் சேர்த்த விதிகளை அன்றைக்கே நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது. பேசும் உரிமை உண்டு, கூடாரத்தோடு பேசும் உரிமை இல்லை என்பது தீர்ப்பின் போக்கு. குப்பை வண்டியில் போன புத்தகங்களுக்காக 2013இல் மாநகராட்சி 47,000 டாலர் இழப்பீடு தர ஒப்புக்கொண்டது. 2012 மே 1 அன்று அதே இயக்கத்தார் காலையில் பிரையன்ட் பூங்காவில் கூடி, மதியத்துக்குமேல் ஊர்வலமாகக் கிளம்பிப் போனார்கள். அங்கே இரவு தங்குவது பற்றிப் பேச்சே இல்லை.

இந்த இரண்டு பூங்காக்களையும் சேர்த்துப் பார்க்கும்போது, தனியாரா அரசா என்ற வழக்கமான சண்டை பயனற்றதாகிவிடுகிறது. ஜுக்கோட்டியைத் திறந்துவைத்தது உரிமையாளரின் பெருந்தன்மை அன்று, ஒப்பந்தத்தில் இருந்த ஒரு வாக்கியம். மூடியதும் அதே ஒப்பந்தத்தில் யாரும் எழுதிவைக்காத இன்னொரு வாக்கியத்தின் இடைவெளிதான். தன் விதிகளைப் பாதியில் மாற்றிக்கொள்ள உரிமையாளருக்கு அனுமதி உண்டா என்பதை 1968இல் யாரும் யோசிக்கவில்லை. பிரையன்ட் பூங்காவில் விளக்குமாற்றைத் தனியாரிடம் கொடுத்தது சரி, அவர்கள் அரசைவிட நன்றாகப் பெருக்குகிறார்கள். புல்வெளி எத்தனை மாதம் வாடகைக்குப் போகலாம், எந்த நாள்களை அனுமதி கேட்காத கூட்டங்களுக்கு விடவேண்டும், பெஞ்சு எத்தனை, நாற்காலி எத்தனை என்பதெல்லாம் சாவிக்குரிய கேள்விகள். அவற்றை நிறுவனக் குழு முடிவு செய்யக்கூடாது. வாக்களித்துப் பதவியிலிருந்து இறக்கக்கூடிய யாராவது முடிவு செய்யவேண்டும். பெருக்குபவருக்கே சாவியும் போய்ச் சேர்ந்தது யாரும் திட்டமிட்ட சதியால் அன்று. 1975இல் மாநகராட்சியிடம் இரண்டையும் தூக்கத் தெம்பில்லை.

தெம்பு பிற்பாடு திரும்பியது, சாவி திரும்பவில்லை. அதைவிடப் பெரிய சிக்கல் மற்ற பூங்காக்களுடையது. நியூயார்க்கில் 1,700க்கும் மேற்பட்ட பூங்காக்களும் விளையாட்டுத் திடல்களும் இருக்கின்றன. அவற்றில் எத்தனையைச் சுற்றி 55 மாடிக் கட்டடம் நிற்கிறது? 1980இலேயே சென்ட்ரல் பார்க்குக்கும் செல்வந்தர்கள் நன்கொடையில் ஒரு காப்பமைப்பு உருவானது. செல்வாக்குள்ளவர்களின் பூங்கா செழித்ததும், பூங்காத் துறைக்குப் பணம் ஒதுக்குங்கள் என்று நகரமன்றத்தில் குரல் கொடுக்கவேண்டிய அதே செல்வாக்குள்ளவர்களுக்கு அதற்கான அவசரம் இல்லாமல் போனது. பிராங்க்ஸிலும் கிழக்கு புரூக்ளினிலும் குடிநீர்க் குழாய் வறண்டு கிடந்தால் புகார் சொல்ல ஆளுண்டு, கேட்க ஆளில்லை.

2013இல் மாநில செனட்டர் டேனியல் ஸ்குவாட்ரன் ஒரு மசோதா கொண்டுவந்தார். ஆண்டுச் செலவு 50 லட்சம் டாலரைத் தாண்டும் பூங்காக் காப்பமைப்புகள் தம் வரவுசெலவில் ஐந்தில் ஒரு பங்கை ஏழைப் பகுதிப் பூங்காக்களுக்குத் தரவேண்டும் என்றது அது. கொடையாளர்கள் விலகிவிடுவார்கள் என்று காப்பமைப்புகள் எதிர்த்தன. அந்த ஆண்டு மேயர் தேர்தலில் போட்டியிட்ட பில் டி பிளாசியோ அதை ஆதரித்துப் பேசினார். வென்றபின், 2014 அக்டோபரில், 35 சிறு பூங்காக்களைச் சீரமைக்க 13 கோடி டாலர் திட்டம் ஒன்றை அறிவித்தார். பெரும்பங்கு மாநகராட்சியின் பணமே. மசோதா சட்டமாகவில்லை.